18 நிரம்பியது எந்த நாள்? கடத்தல் வழக்கில் வயதும் சம்மதமும்

"அவளாகத்தான் சார் வந்தா." கடத்தல் வழக்கில் பிடிபட்ட பையன் காவல் நிலையத்தில் வாய் திறந்ததும் சொல்வது இதுதான். பெரும்பாலும் அது உண்மையாகவும் இருக்கும். ஆனால் அந்த உண்மை வழக்கில் செல்லுமா, செல்லாதா என்பதை அவனும் முடிவு செய்ய முடியாது, அவளும் முடிவு செய்ய முடியாது. அவள் பிறந்த தேதிதான் முடிவு செய்யும்.

இத்தனை முக்கியமான அந்தத் தேதிக்கு வழக்குக் கட்டில் கிடைக்கும் இடம் மிகவும் குறைவு. எப்போது பழக்கம், யார் யாருக்கு எத்தனை முறை போன் செய்தார்கள், எந்தக் கோயிலில் தாலி கட்டினான் என்று பக்கம் பக்கமாக வாக்குமூலம் இருக்கும். வயதுக்கு ஒரு மாற்றுச் சான்றிதழின் ஜெராக்ஸ் மட்டும் இருக்கும், அதிலும் முத்திரை பாதி தெரியாது. வழக்கு விழுவது அந்த ஜெராக்ஸில்தான்.

முதலில் சட்டம். 2024 ஜூலை 1 முதல் நடந்த சம்பவம் என்றால் பாரதிய நியாய சன்ஹிதா பிரிவு 137. அதற்கு முன் நடந்தது என்றால், இன்று விசாரணைக்கு வந்தாலும், இந்திய தண்டனைச் சட்டம் பிரிவு 361, தண்டனைக்கு 363. இரண்டிலும் தண்டனை 7 ஆண்டு வரை சிறை, அபராதம். ஆனால் வயதில் ஒரு மாற்றம் உண்டு, இதைப் பலர் கவனிப்பதில்லை. பழைய சட்டத்தில் பெண்ணுக்கு 18, ஆணுக்கு 16. புதிய சட்டத்தில் 'குழந்தை' என்ற ஒரே சொல், இரு பாலருக்கும் 18. 17 வயதுப் பையனை 2024 மே மாதம் ஒருவர் அழைத்துப் போயிருந்தால் அது 361-இல் வராது. அதே பையனை ஆகஸ்ட்டில் அழைத்துப் போனால் 137-இல் வரும். சம்பவத் தேதியைப் பார்க்காமல் பிரிவு போட்டால் ஆரம்பமே கோணல்.

137 எதைக் காக்கிறது? குழந்தையின் விருப்பத்தை அல்ல, பாதுகாவலரின் பொறுப்பில் குழந்தை இருக்கும் நிலையை. அதனால் இந்தப் பிரிவில் சம்மதம் என்றால் பாதுகாவலரின் சம்மதம். 18 நிரம்பாதவளின் "சரி, வர்றேன்" கணக்கில் சேராது. பாதுகாவலர் என்றால் அப்பா, அம்மா மட்டுமல்ல, குழந்தையைப் பார்த்துக்கொள்ளும் பொறுப்பு சட்டப்படி யாரிடம் ஒப்படைக்கப்பட்டிருக்கிறதோ அவரும்தான். விடுதியில் தங்கிப் படிக்கும் பெண், மில் விடுதியில் தங்கி வேலை பார்க்கும் பெண் என்றால், அங்கே பொறுப்பில் இருந்தவரையும் சாட்சியாக்க வேண்டும். "அப்பா 200 கிலோமீட்டர் தள்ளி இருந்தாரே, அவர் பொறுப்பில் எப்படி இருந்தாள்?" என்ற கேள்வி குறுக்கு விசாரணையில் வந்தே தீரும்.

"பார்த்தால் இருபது வயது மாதிரி இருந்தாள், நம்பிவிட்டேன்" என்பதும் இங்கே எடுபடாது. இங்கிலாந்தில் 1875-இல் முடிவான பிரின்ஸ் வழக்கிலிருந்தே வயதை நம்பியதை ஒரு தற்காப்பாக நீதிமன்றங்கள் ஏற்பதில்லை.

இனி தேதிக் கணக்கு. வயதுவந்தோர் சட்டம் 1875, பிரிவு 3-இன்படி பிறந்த நாளையும் ஒரு முழு நாளாக எண்ண வேண்டும். 18-ஆவது பிறந்தநாள் தொடங்கும் கணத்தில் ஒருவர் மேஜர். 2007 ஆகஸ்ட் 14-இல் பிறந்த பெண் 2025 ஆகஸ்ட் 13 இரவு 11.30-க்கு வீட்டை விட்டுப் போனால் மைனர், ஒரு மணி நேரம் கழித்துப் போனால் மேஜர். புகாரில் "13-ந் தேதி இரவு முதல் காணவில்லை" என்று பொத்தாம்பொதுவாக எழுதியிருந்தால் அந்த ஒரு மணி நேரத்தை யார் நிரூபிப்பது? காதலர்கள் பிறந்தநாளுக்காகக் காத்திருந்து கிளம்புவது சகஜம் என்பதால் இதை வெறும் பாடப்புத்தகக் கணக்கு என்று தள்ள முடியாது. இத்தகைய வழக்கில் எத்தனை மணிக்குக் கடைசியாகப் பார்த்தீர்கள், யார் பார்த்தது, கதவு திறந்திருந்ததை எப்போது கண்டீர்கள் என்று புகாரிலேயே கேட்டு எழுத வேண்டும். இன்னொன்று: வயதைக் கணக்கிட வேண்டிய நாள் பெண் வீட்டை விட்டுப் போன நாள். பிடிபட்ட நாளோ மருத்துவப் பரிசோதனை நாளோ அல்ல. மருத்துவர் மூன்று மாதம் கழித்துச் சொன்ன வயதை அப்படியே சம்பவ நாளுக்கு ஒட்டவைத்த குற்றப்பத்திரிகைகள் உண்டு.

ஆவணங்களுக்கு வருவோம். இளைஞர் நீதிச் சட்டம் 2015, பிரிவு 94(2) ஒரு படிவரிசை வைத்திருக்கிறது. முதலில் பள்ளி தரும் பிறந்த தேதிச் சான்று அல்லது தேர்வு வாரியம் தந்த பத்தாம் வகுப்புச் சான்று. அது இல்லாவிட்டால் மாநகராட்சி, நகராட்சி, ஊராட்சி தரும் பிறப்புச் சான்றிதழ். இரண்டுமே இல்லாதபோதுதான் எலும்புப் பரிசோதனை. சட்டப் பிரிவு குழந்தைகள் நலக் குழுவையும் இளைஞர் நீதிக் குழுமத்தையும் பற்றிப் பேசினாலும், பாதிக்கப்பட்டவரின் வயதுக்கும் இந்த வழிமுறையே என்று உச்ச நீதிமன்றம் பழைய விதிகளின் காலத்திலேயே ஜர்னைல் சிங் வழக்கில் (2013) சொல்லிவிட்டது.

தமிழ்நாட்டில் பத்தாம் வகுப்பு எழுதிய பெண் என்றால் வேலை சுலபம். அரசுத் தேர்வுகள் இயக்ககம் தந்த மதிப்பெண் சான்றிதழின் அசலை வாங்கிப் பார்வையிட்டு, சான்றிட்ட நகலை வைத்தால் போதும். இடையில் படிப்பை நிறுத்தியவள் என்றால்தான் சிக்கல். அப்போது போலீஸ் தேடிப் போவது மாற்றுச் சான்றிதழை. அதைத்தான் 2023 ஜூலையில் உச்ச நீதிமன்றம் யுவபிரகாஷ் வழக்கில் ஏற்க மறுத்தது. தமிழ்நாட்டிலிருந்து போன வழக்கு அது. மாற்றுச் சான்றிதழும் சேர்க்கைப் பதிவேட்டின் பகுதியும் 94(2) கேட்கும் ஆவணங்கள் அல்ல, பிறப்புப் பதிவும் இல்லை. மிஞ்சியது எலும்புப் பரிசோதனை மட்டும், அது 18 முதல் 20 என்று சொன்னது. அந்தப் பெண் 18 நிரம்பாத குழந்தை என்பது நிரூபணமாகவில்லை என்று, போக்சோ (குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் சட்டம்) தண்டனை ரத்தானது.

அதற்கும் முன்னால், 2011-இல், இதே தமிழ்நாட்டு அலமேலு வழக்கு. அரசுப் பள்ளி மாற்றுச் சான்றிதழ் ஆவணமாகக் குறியிடப்பட்டது. ஆனால் அதை நிரூபிக்கத் தலைமையாசிரியரைக் கூப்பிடவில்லை. ஆவணத்துக்குக் குறியீட்டு எண் கிடைப்பது வேறு, அதில் எழுதியிருக்கும் தேதி உண்மை என்று நிரூபணமாவது வேறு. பதிவு செய்தவரோ தேதியைச் சொன்னவரோ வந்து சொல்லாத வரை அந்தத் தேதிக்கு மதிப்பில்லை என்பது 1988-இன் பிரத் மல் சிங்வி தீர்ப்பிலிருந்தே தொடர்ந்து வரும் நிலைப்பாடு.

நீதிமன்றங்கள் ஏன் இவ்வளவு கறார்? பள்ளித் தேதி எப்படிப் பிறந்தது என்று நம் ஊரில் எல்லோருக்கும் தெரியும். கையைத் தலைக்கு மேல் வளைத்துக் காதைத் தொடச் சொல்லிச் சேர்த்த தலைமுறை ஒன்று. ஜூன் மாதச் சேர்க்கைக்கு ஐந்து வயது நிரம்ப வேண்டுமே என்று வாத்தியாரே ஒரு மே மாதத் தேதியை எழுதிக்கொண்ட தலைமுறை அடுத்தது. மே, ஜூன் மாதங்களில் மட்டும் அத்தனை பிறந்தநாள்! அப்படி எழுதிய தேதிப்படி வயது 18 என்ற எல்லைக்குப் பல மாதம் கீழே இருந்தால் பாதகமில்லை. 17 வயது 10 மாதம் என்று வரும்போது எழுதியவர் யார், எதைப் பார்த்து எழுதினார் என்ற கேள்வி கொலைக் கேள்வி ஆகிவிடும்.

ஆகவே பள்ளியில் செய்ய வேண்டியது: முதன்முதலில் சேர்ந்த பள்ளியைக் கண்டுபிடிக்க வேண்டும். கடைசியாகப் படித்த பள்ளி முந்தைய சான்றிதழைப் பார்த்துத் தேதியை நகல் எடுத்ததோடு சரி. பிறந்த தேதிச் சான்று என்றே கேட்டு எழுத்தில் வாங்க வேண்டும். சேர்க்கைப் பதிவேட்டின் அசலோடு தலைமையாசிரியரைச் சாட்சியாகச் சேர்க்க வேண்டும். சேர்க்கையின்போது பெற்றோர் கொடுத்த விண்ணப்பம், அதனுடன் வைத்த பிறப்புச் சான்று நகல் இருந்தால் அதுதான் பொக்கிஷம். கையெழுத்திட்ட அப்பாவையோ அம்மாவையோ கூண்டில் ஏற்றி "இந்தத் தேதியை நான்தான் சொன்னேன்" என்று சொல்லவைக்க வேண்டும்.

பிறப்புச் சான்றிதழ் இதைவிட வலுவானது. பொது ஆவணம் என்பதால் சான்றிட்ட நகலே போதும், எழுதிய அலுவலர் வர வேண்டியதில்லை. ஆனாலும் அதில் மூன்று கட்டங்களைக் கூர்ந்து பார்க்காமல் தாக்கல் செய்யக் கூடாது. ஒன்று, பெயர்க் கட்டம். நம் ஊர்ப் பழைய சான்றிதழ்களில் பாதிக்கு அது காலி, 'பெண்' என்று பாலினம் மட்டும் இருக்கும். அதே தாய் தந்தைக்கு ஒன்றரை வருட இடைவெளியில் இரண்டு பெண் குழந்தைகள் என்றால், இது மூத்தவளுடையதா இளையவளுடையதா? தாயின் சாட்சியம், குடும்ப அட்டை, மற்ற குழந்தையின் பிறப்புச் சான்று ஆகியவற்றைச் சேர்த்துத்தான் இந்தத் தாளை இந்தப் பெண்ணோடு பிணைக்க முடியும். இரண்டாவது, பதிவு தேதிக் கட்டம். பிறப்பை 21 நாளுக்குள் பதிய வேண்டும். ஓராண்டு தாண்டினால் உரிய அதிகாரியின் உத்தரவு வேண்டும். பிறந்து 14 வருடம் கழித்து, அதிலும் முதல் தகவல் அறிக்கைக்குப் பிறகு, பதிந்த சான்று என்றால் எதிர்த்தரப்பு வக்கீல் வேறு எதையும் கேட்க வேண்டியதில்லை. மூன்றாவது, பெற்றோர் பெயரின் எழுத்து. முருகேசன் ஒரு தாளிலும் முருகையன் இன்னொரு தாளிலும் இருந்தால் விசாரணைக் கட்டத்திலேயே ஒருவர் விளக்கம் தந்திருக்க வேண்டும்.

ஆதார் அட்டையை வயதுக்கு நம்பியவர்கள் இனி நம்ப வேண்டாம். பிறந்த தேதிக்கு ஆதார் சான்றல்ல என்று உச்ச நீதிமன்றம் 2024 அக்டோபரில் சொன்னது.

ஒரு தாளும் தேறாதபோது எக்ஸ்ரே. மணிக்கட்டு, முழங்கை, தோள், இடுப்பெலும்பின் மேல் விளிம்பு, தேவைப்பட்டால் காறை எலும்பின் உள்முனை. வளரும் எலும்பின் முனைத் துண்டு தண்டோடு ஒட்டிவிட்டதா, கோடு தெரிகிறதா என்று பார்ப்பார்கள். பெண்களுக்கு முழங்கை முதலில் ஒட்டும், மணிக்கட்டு 16, 17 வயதை ஒட்டி, இடுப்பு விளிம்பு 18-ஐத் தாண்டி. பல் மருத்துவர் கடைவாய்ப் பற்களைப் பார்ப்பார். இரண்டாம் கடைவாய்ப்பல் 12, 14 வயதில் வந்துவிடும். ஞானப்பல் 17-லும் வரும், 25-லும் வரும், வராமலும் போகும். 18-ஐத் தீர்மானிக்க அதை நம்புவது வீண். படம் எடுப்பதற்கு முன் கர்ப்பமா என்று பார்த்தாக வேண்டும், இத்தகைய வழக்குகளில் அந்த வாய்ப்பு அதிகம்.

முடிவு ஒரு தேதியாக வராது, ஒரு வரம்பாக வரும். "16-க்கு மேல், 18-க்குக் கீழ்." இந்த வரியை வைத்துக்கொண்டு அரசுத் தரப்பு நிம்மதியாக இருக்கும். எதிர்த்தரப்பு மூன்றே கேள்வி கேட்கும். படத்தைப் படித்தது நீங்களா, கதிரியக்க மருத்துவரா? படங்கள் இன்று நீதிமன்றத்தில் இருக்கின்றனவா? முன்பின் இரண்டு வருடம் வித்தியாசம் வரலாமா? மூன்றாவதற்கு "வரலாம்" என்பதைத் தவிர எந்த மருத்துவரும் வேறு பதில் சொல்ல முடியாது. ஜெய மாலா வழக்கில் 1982-லேயே உச்ச நீதிமன்றம் இருபுறமும் இரண்டு வருடப் பிழை இருக்கலாம் என்று குறித்துவிட்டது. சந்தேகத்தின் பலன் எதிரிக்கு, அதாவது குற்றம் சாட்டப்பட்டவருக்குப் போகும் என்பதால் மேல் எல்லையைத்தான் நீதிமன்றம் எடுத்துக்கொள்ளும். 2018-இன் ரஜாக் முகமது வழக்கில் எக்ஸ்ரே 17, 18 என்று சொன்னது, பள்ளி ஆவணம் நம்பும்படி இல்லை, எதிரி விடுதலையானார். நடைமுறையில் எலும்புப் பரிசோதனை 14 வயதுக் குழந்தையின் வழக்கைக் காப்பாற்றும். 17 வயதுக்காரியின் வழக்கைக் காப்பாற்றாது. படத்தைப் படித்த மருத்துவரை விட்டுவிட்டு அறிக்கையை மட்டும் தாக்கல் செய்தால் 14 வயது வழக்கும் தள்ளாடும்.

வயது 18-க்குக் கீழ் என்று உறுதியாகிவிட்டது. வழக்கு முடிந்துவிட்டதா? இல்லை. சம்மதம் செல்லாது என்பதை மட்டும் பிடித்துக்கொண்டு அரசுத் தரப்பு அடுத்த படியை மறந்துவிடும். எதிரி 'அழைத்துச் சென்றார்' அல்லது 'ஆசை காட்டி ஈர்த்துச் சென்றார்' என்பதையும் நிரூபிக்க வேண்டும். இதற்கு இன்றும் எல்லோரும் எடுக்கும் தீர்ப்பு நம் ஊர் வழக்கான எஸ். வரதராஜன் எதிர் சென்னை மாநிலம், 1964. கல்லூரி மாணவி, 18 நிரம்பச் சில வாரங்களே இருந்தன. அவரே போன் செய்து, அவரே இடம் சொல்லி, அவரே வந்து காரில் ஏறினார், பதிவு அலுவலகத்துக்குச் சேர்ந்து போனார்கள். உச்ச நீதிமன்றம் சொன்னது: மைனரை அழைத்துச் செல்வது வேறு, தானாக வீட்டை விட்டு வந்த மைனர் கூட வருவதற்கு இடம் கொடுப்பது வேறு. வீட்டை விட்டு வரும் எண்ணத்தை உருவாக்கியதில் எதிரிக்குப் பங்கு இருந்தால்தான் குற்றம்.

இதை "அவளே வந்தாள், ஆகவே விடுதலை" என்று சுருக்கிப் படிப்பது தவறு. அந்தத் தீர்ப்பிலேயே ஒரு வாசல் திறந்திருக்கிறது: கிளம்பிய நாளில் எதிரி எதுவும் செய்யாவிட்டாலும், முன்னொரு கட்டத்தில் தூண்டியிருந்தால் போதும். 1973-இல் வட்காமா வழக்கில் அந்த வாசல் வழியாகத்தான் தண்டனை வந்தது. பரிசுகள் கொடுத்து, ஆசை காட்டி, மெல்ல மெல்லச் சிறுமியின் மனத்தை வீட்டிலிருந்து பிரித்தபின், ஒருநாள் அவளே பையைத் தூக்கிக்கொண்டு வந்தாள் என்பது எதிரிக்கு உதவவில்லை. அதே ஆண்டு ராஜா ராம் வழக்கிலும், வற்புறுத்தியே பெற வேண்டியதில்லை, பேசி இணங்கவைத்ததே போதும் என்றார்கள். எல்லைக்கு ஒன்றிரண்டு மாதம் இருக்கும் கல்லூரிப் பெண்ணுக்குச் சொன்னதை 14 வயதுச் சிறுமிக்கு நீட்டவும் முடியாது. தான் செய்வது என்னவென்று அறியும் பக்குவம் இருந்ததா என்பதும் வரதராஜன் தீர்ப்பின் ஒரு பகுதி.

ஆகவே விசாரணையில் கேட்க வேண்டிய கேள்வி "விரும்பிப் போனாயா?" அல்ல. போகலாம் என்று முதலில் சொன்னது யார்? எந்த நாளில், எந்த வார்த்தையில்? வண்டி ஏற்பாடு செய்தது யார், பஸ்ஸுக்குக் காசு கொடுத்தது யார், நகையையும் சான்றிதழையும் எடுத்து வரச் சொன்னது யார், போய்த் தங்கிய வீட்டுக்காரரிடம் முன்கூட்டியே பேசியது யார்? பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதா (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) பிரிவு 183-இன் கீழ் நடுவர் முன் தரும் வாக்குமூலத்தில் "என் விருப்பப்படி சென்றேன்" என்ற ஒற்றை வரி இருக்கும், மேற்படி கேள்விகள் ஒன்றுகூட இருக்காது. அந்த வாக்குமூலமே தனிச் சாட்சியமும் அல்ல. நீதிமன்றத்தில் சொல்வதற்கு ஆதரவாகவோ முரண் காட்டவோதான் பயன்படும். விசாரணைக்கு வரும்போது அவள் கையில் அவனுடைய குழந்தை இருக்கலாம், பிறழ் சாட்சியாகவும் மாறலாம். அப்போது நிற்பது செல்போன் பதிவுகள். அவற்றுக்கு பாரதிய சாக்‌ஷிய அதினியம் (புதிய சாட்சியச் சட்டம்) பிரிவு 63-இன் சான்று இணைக்காவிட்டால் அதுவும் போச்சு. திருமணப் பதிவுக்குப் போயிருந்தால், அங்கே கொடுத்த வயதுச் சான்று என்ன, கொண்டுவந்தது யார் என்று அந்த விண்ணப்பத்தைக் கைப்பற்ற வேண்டும். திருத்திய சான்று எதிரி கையிலிருந்து வந்தது என்றால் வயதும் தூண்டுதலும் ஒரே தாளில் நிரூபணம்.

எதிர்த்தரப்பு செய்யும் தவறு ஒன்றும் உண்டு. வரதராஜன் தீர்ப்பு கடத்தலுக்கு மட்டும். உடலுறவு நடந்திருந்தால் போக்சோ தனி. அங்கே 18-க்குக் கீழ் என்றால் சம்மதம் என்ற பேச்சே கிடையாது. 137-இல் விடுதலையாகி, போக்சோவில் பத்து வருடத்துக்குக் குறையாத தண்டனை வாங்க முடியும். திருமணமும் கவசம் அல்ல. பாதுகாவலரிடமிருந்து கவர்ந்து வந்த மைனரின் திருமணம், குழந்தைத் திருமணத் தடைச் சட்டம் 2006, பிரிவு 12-இன்படி செல்லவே செல்லாது.

வயது 18 தாண்டிவிட்டால் 137 அங்கேயே முடிந்தது. பிறகு பார்க்க வேண்டியது அதே நியாய சன்ஹிதாவின் பிரிவு 138. பேச்சில் நாம் இரண்டையும் கடத்தல் என்றாலும், அது வேறு. வயது தேவையில்லை, பலாத்காரமோ வஞ்சகமோ தேவை. தனியாக அதற்குத் தண்டனை கிடையாது, ஒரு நோக்கத்தோடு சேர்ந்தால்தான் குற்றம். கட்டாயத் திருமண நோக்கம் என்றால் பிரிவு 87, 10 ஆண்டு வரை. இங்கேதான் சம்மதம் முழு எடையோடு உள்ளே வருகிறது. பயத்தாலோ உண்மை நிலையைத் தவறாகப் புரிந்துகொண்டதாலோ தந்த சம்மதத்தை, அந்தச் செயலைச் செய்தவருக்கு அது தெரிந்திருந்தால், பிரிவு 28 சம்மதமாக ஏற்காது. மூன்று பஸ் மாறி, நெரிசலான நிலையத்தில் டிக்கெட் வாங்கி, வழியில் தனியாகக் கழிப்பறை போய்த் திரும்பி வந்தவள் மிரட்டப்பட்டாள் என்று நிரூபிப்பது கடினம். கூச்சலிடாததே சம்மதம் என்று ஆகிவிடாது, ஆனால் ஏன் கூச்சலிடவில்லை என்பதற்கு அவள் வாயிலிருந்தே நம்பும்படியான விளக்கம் பதிவில் இருக்க வேண்டும்.

வயது ஆவணம் ஆட்டம் காணும் வழக்குகளில் குற்றச்சாட்டு வனையும்போதே இதை யோசிக்க வேண்டும். 137-ஐ மட்டும் வைத்துவிட்டு, கடைசியில் பெண்ணுக்கு 18 நிரம்பியிருக்கலாம் என்று நீதிமன்றம் சொன்னால், உண்மையிலேயே மிரட்டித் தூக்கிச் செல்லப்பட்ட பெண்ணின் வழக்கும் அதோடு போய்விடும். பலாத்காரத்துக்கோ வஞ்சகத்துக்கோ ஆதாரம் கொஞ்சமேனும் இருந்தால், 138-ஐ ஒட்டிய 87-ஐ மாற்றுக் குற்றச்சாட்டாக அன்றே சேர்த்துவிட வேண்டும். அரசு வக்கீல் ஒரு மனு போட்டால் முடிகிற வேலை. தீர்ப்புக்கு முன் எந்தக் கட்டத்திலும் குற்றச்சாட்டைத் திருத்தலாம் என்று சட்டம் இடம் கொடுத்தாலும், சாட்சிகளை மறுபடி கூப்பிட வேண்டி வரும். அதற்குள் பாதிப் பேர் ஊரில் இருக்க மாட்டார்கள்.